கொடுத்தவர் போனாலும் துப்பாக்கி போகாது: மூன்று கோரிக்கைகளில் எதைக் கேட்பது?

ராமநாதபுரத்தில் எங்கள் வாசகர் வட்டம் நாடாளுமன்ற உறுப்பினருக்கு ஒரு மனு அனுப்புவது என்று முடிவெடுத்துவிட்டது. எதைப் பற்றி என்பதில் சண்டை இல்லை. சிறு ஆயுதங்கள், அதாவது தோளில் மாட்டிக்கொண்டு ஓடக்கூடிய துப்பாக்கி, கையெறி குண்டு, இரண்டு மூன்று பேர் தூக்கிப்போகக்கூடிய சின்ன மோர்ட்டார் (குண்டு வீசும் குழாய்), இவற்றின் சர்வதேச வியாபாரத்தில் இந்தியா என்ன நிலை எடுக்க வேண்டும் என்பதுதான் விஷயம். ஆனால் மனுவில் என்ன கேட்பது என்பதில் மூன்று கட்சியாகிவிட்டோம்.

சட்டம் படிக்கும் பரமக்குடித் தங்கச்சி ஒருவர், 2013இல் ஐ.நா. பொதுச்சபை நிறைவேற்றிய ஆயுத வணிக ஒப்பந்தத்தில் இந்தியா சேர வேண்டும் என்று கேட்போம் என்கிறார். கீழக்கரைக் காக்கா (அங்கே முஸ்லிம்கள் அண்ணனை அப்படித்தான் கூப்பிடுவார்கள்) ஒருவர், அதெல்லாம் பெரிய நாடுகள் போட்ட கணக்கு, யாரிடமும் கையேந்தாமல் நம் துப்பாக்கியை நாமே செய்துகொள்வதுதான் வழி, அதைக் கேளுங்கள் என்கிறார். பாம்பனில் விசைப்படகு வைத்திருக்கும் அண்ணன் ஒருவருக்கு இந்த இரண்டிலும் அக்கறை இல்லை. எவன் செய்தால் என்ன, எவன் வாங்கினால் என்ன, துப்பாக்கிக்கும் தோட்டாவுக்கும் குறி போடு, கணக்கு வை, கிடங்கைப் பூட்டு, காணாமல் போனால் எங்கிருந்து போனது என்று சொல்லு, இதைக் கேட்டால் போதும் என்பது அவர் கட்சி. மூன்றையும் எழுதிவிடலாமே என்று சொல்லாதீர்கள், மூன்று கோரிக்கை போட்ட மனுவை எவரும் படிப்பதில்லை, அதோடு இந்த மூன்றும் சில இடங்களில் ஒன்றையொன்று வெட்டுகின்றன. உட்கார்ந்து ஒப்பிட்டுப் பார்த்ததை இங்கே எழுதுகிறேன். என் சாய்வு எந்தப் பக்கம் என்பதையும் மறைக்கப் போவதில்லை.

இந்தக் கரைக்கும் வாஷிங்டன், மாஸ்கோவுக்கும் என்ன சம்பந்தம்

2018 ஜூனில் ராமேஸ்வரம் தீவில் இருக்கும் தங்கச்சிமடத்தில் ஒரு வீட்டில் கழிவுநீர்த் தொட்டிக்குக் குழி வெட்டியபோது பெட்டி பெட்டியாகத் தோட்டாக்கள் வெளியே வந்தன, ஆயிரக்கணக்கில், துருவேறிப்போய். எண்பதுகளில் இங்கே தங்கியிருந்த இலங்கைப் போராளிக் குழுக்கள் புதைத்துவிட்டுப் போனவை என்று காவல்துறை தரப்பில் சொன்னார்கள். செய்தி சில நாள் ஓடியது, அப்புறம் எல்லோரும் மறந்துவிட்டோம்.

அவை ஏன் இங்கே வந்தன என்று பின்னோக்கிப் போனால் விஷயம் பெரிதாகிறது. 1983 ஜூலைக் கலவரத்துக்குப் பிறகு இந்திய அரசு தமிழ்ப் போராளிக் குழுக்களுக்குப் பயிற்சியும் ஆயுதமும் கொடுத்ததற்கு இனப்பாசம் மட்டுமே காரணம் என்று நினைப்பவர்களுக்குப் பாதிக் கதைதான் தெரியும். இந்தியா 1971 ஆகஸ்ட்டில் சோவியத் யூனியனோடு நட்புறவு ஒப்பந்தம் போட்ட நாடு. இலங்கை அதிபர் ஜெயவர்த்தனாவின் கொழும்போ மேற்கு நாடுகளின் பக்கம் சாய்ந்துகொண்டிருந்தது. திருகோணமலைத் துறைமுகம் யார் கைக்குப் போகும் என்ற கவலை, வாய்ஸ் ஆஃப் அமெரிக்கா வானொலி நிலையம், இஸ்ரேலிய ஆலோசகர்கள், பிரிட்டனிலிருந்து வந்த கூலிப்படைப் பயிற்சியாளர்கள் என்று டெல்லிக்கு எரிச்சல் கொடுத்த பட்டியல் நீளமானது. 1987 ஜூலை 29 அன்று ராஜீவ் காந்தியும் ஜெயவர்த்தனாவும் இந்திய-இலங்கை ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டபோது பரிமாறிக்கொண்ட கடிதங்களை எடுத்துப் படித்துப் பாருங்கள். இந்திய நலனுக்குக் கேடாகத் திருகோணமலையை எந்த நாட்டின் ராணுவத்துக்கும் விடக்கூடாது, அந்நிய வானொலி வசதிகள் ராணுவ, உளவு வேலைக்குப் பயன்படக்கூடாது, அந்நிய ராணுவ, உளவு ஆட்கள் பற்றிப் பேசித் தீர்க்க வேண்டும் என்று எல்லாம் அதிலேயே இருக்கிறது. தமிழர் பிரச்சினையோடு சேர்த்துப் பனிப்போரின் ஒரு சின்னக் கிளையும் அன்றைக்குப் பாக் நீரிணையில் பேரம் பேசப்பட்டது.

அடுத்து நடந்ததை இந்தக் கரையில் வயதானவர்களுக்குச் சொல்லத் தேவையில்லை. அதே ஆண்டு அக்டோபரில், அந்த ஒப்பந்தத்தை ஒட்டி இலங்கைக்குப் போன இந்திய அமைதிப்படையும் புலிகளும் மோதினார்கள், 1990 மார்ச்சில் படை திரும்புவதற்குள் சுமார் 1,200 இந்திய வீரர்கள் செத்துப்போனார்கள். இந்தியப் படையை எப்படியாவது வெளியேற்ற வேண்டும் என்பதற்காக இலங்கையில் ஜெயவர்த்தனாவுக்கு அடுத்து வந்த பிரேமதாசா அரசே புலிகளுக்கு ஆயுதம் கொடுத்தது. 1990 ஜூனில் அந்த உறவு முறிந்ததும் புலிகளின் துப்பாக்கிகள் இலங்கைப் படை பக்கமே திரும்பின. ஏழே ஆண்டுகளில் இரண்டு அரசுகள், ஒன்றின் பின் ஒன்றாக, ஒரே குழுவுக்கு வெவ்வேறு காரணத்துக்காக ஆயுதம் கொடுத்து, இரண்டுமே அதற்கு உயிர்விலை கொடுத்திருக்கின்றன.

போட்டி என்ன செய்கிறது

பெரிய ஆயுதத்துக்கும் சின்ன ஆயுதத்துக்கும் உள்ள ஒரு வித்தியாசம் புரிந்தால் மீதி எல்லாம் புரியும். ஒரு வல்லரசு இன்னொரு நாட்டுக்குப் போர் விமானம் கொடுத்தால் உதிரிபாகம், பராமரிப்பு, பயிற்சி என்று பிடி தன் கையிலேயே இருக்கும். உறவு கெட்டால் உதிரிபாகத்தை நிறுத்தினால் போதும், விமானம் கொட்டகையில் நின்றுவிடும். துப்பாக்கியில் அந்தப் பிடி கிடையாது. ஏ.கே. வகைத் துப்பாக்கி கொஞ்சம் எண்ணெய் போட்டு வைத்தால் ஐம்பது வருடம் ஓடும், கொல்லன் பட்டறையிலேயே பழுது பார்த்துவிடலாம். அதற்குத் தொடர்ந்து தேவைப்படுவது ஒன்றே ஒன்று, தோட்டா. இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், கடைசியில் என் முடிவு இதிலிருந்துதான் வருகிறது.

1947இல் கலாஷ்னிகோவ் வடிவமைத்து 1949இல் சோவியத் ராணுவம் ஏற்றுக்கொண்ட அந்த ஏ.கே. துப்பாக்கியின் வரைபடத்தை, சாதாரணமாக ஒரு நாடு பூட்டி வைக்க வேண்டியதை, மாஸ்கோ நட்பு நாடுகளுக்கு வாரிக் கொடுத்தது. சீனா 1956 முதல் டைப் 56 என்ற பெயரில் செய்தது. பல்கேரியா, ருமேனியா, போலந்து, கிழக்கு ஜெர்மனி, வட கொரியா, எகிப்து என்று தொழிற்சாலைகள் பெருகின. அமெரிக்கத் தரப்பும் சும்மா இருக்கவில்லை, தன் ராணுவத்தின் எம்.16 துப்பாக்கியைச் செய்யும் உரிமம் தென் கொரியாவுக்கும் பிலிப்பைன்ஸுக்கும் போனது. லாபம் பார்க்கிற வியாபாரி தன் தொழில் ரகசியத்தை இப்படி விட்டுக்கொடுக்க மாட்டான். எதிரியை விட அதிக நண்பர்கள் வேண்டும் என்ற அவசரம்தான் இந்தத் தாராளத்துக்குக் காரணம். 1991இல் அந்த அவசரம் முடிந்தது, தொழிற்சாலைகள் முடியவில்லை, தொழிலாளிகளுக்குச் சம்பளம் கொடுத்தாக வேண்டும், கிடங்குகள் நிறைந்து கிடந்தன. உக்ரைன் மாதிரி இடங்களில் காவலுக்கு ஆளில்லாத கிடங்குகள் இருந்த அந்த நேரத்தில்தான் விக்டர் பூட் போன்ற தரகர்கள் பழைய சோவியத் சரக்கு விமானங்களை வைத்துக்கொண்டு ஆப்பிரிக்கா முழுக்கச் சுற்றினார்கள். அவர் 2008இல் பாங்காக்கில் பிடிபட்டு, அமெரிக்காவில் 25 ஆண்டு தண்டனை வாங்கி, 2022 டிசம்பரில் ஒரு அமெரிக்கக் கூடைப்பந்து வீராங்கனைக்குப் பதிலாக ரஷ்யாவுக்குத் திருப்பி அனுப்பப்பட்டார். வல்லரசுப் போட்டியில் துப்பாக்கித் தரகர்கூடப் பேரப்பொருள்தான்.

ஆப்கானிஸ்தானில் சோவியத் படையை எதிர்த்தவர்களுக்கு அமெரிக்க உளவுத்துறை ஆயுதம் அனுப்பியபோது தன் நாட்டுச் சரக்கை முதலில் அனுப்பவில்லை. சீனாவிலும் எகிப்திலும் செய்த சோவியத் ரகத் துப்பாக்கிகளை வாங்கிப் பாகிஸ்தானின் உளவு அமைப்பான ஐ.எஸ்.ஐ. வழியாக அனுப்பியது. பிடிபட்டாலும் எங்கள் சாமான் இல்லை என்று கையைக் கழுவிவிடலாம் அல்லவா. அப்படி வந்த சரக்கு வழியிலேயே எவ்வளவு கசிந்தது என்பதற்கு யாரிடமும் ஒழுங்கான கணக்கில்லை. 1988 ஏப்ரலில் ராவல்பிண்டி பக்கத்தில் இருந்த ஓஜ்ரி கிடங்கு வெடித்து, இஸ்லாமாபாத் வரை ராக்கெட்டுகள் பறந்து விழுந்தன. 1989 பிப்ரவரியில் சோவியத் படை போனது, அமெரிக்காவுக்கு அக்கறை போனது, துப்பாக்கிகள் கராச்சித் தெருக்களுக்கும் காஷ்மீருக்கும் வந்தன.

இன்றைக்கும் இதே ஓட்டம்தான். 2021 ஆகஸ்ட்டில் காபூல் விழுந்தபோது அமெரிக்கா ஆப்கான் படைக்குக் கொடுத்திருந்த 3 லட்சத்துக்கும் மேற்பட்ட சிறு ஆயுதங்கள் அங்கேயே தங்கிவிட்டன. ஈரானிலிருந்து ஏமனுக்கு மீன்பிடிப் படகுகளில் போய்க்கொண்டிருந்த ஏ.கே. துப்பாக்கிகளை அமெரிக்கக் கடற்படை மடக்கிப் பிடித்து, 2024 ஏப்ரலில் 5,000க்கும் மேற்பட்ட ஆயுதங்களை உக்ரைனுக்குக் கொடுத்துவிட்டது. ஒரு சண்டைக்குக் கிளம்பிய துப்பாக்கி வேறொரு சண்டைக்கு, எதிர்ப்பக்கம் நின்று சுட, கண்டம் தாண்டிப் போயிருக்கிறது. சட்டப்படி அதில் தப்பில்லாமல் இருக்கலாம். ஆனால் துப்பாக்கியை அழிப்பதைவிட அடுத்தவன் கையில் கொடுப்பதுதான் எப்போதும் சுலபமாகப் படுகிறது, அதைக் கவனியுங்கள்.

இன்னொரு சங்கடம். ஆயுத வியாபாரம் என்றதும் எல்லோரும் எடுத்துப் பேசுவது ஸ்டாக்ஹோமில் இருக்கும் சிப்ரி நிறுவனத்தின் கணக்கைத்தான், அது விமானம், கப்பல், டாங்கி மாதிரிப் பெரிய ஆயுதங்களைப் பிடிக்கிற கணக்கு. பெரிய கண் வலையில் சென்னாகுன்னி நிற்காத மாதிரி சிறு ஆயுதம் அதில் நிற்பதில்லை. ஜெனீவாவில் இருக்கும் ஸ்மால் ஆர்ம்ஸ் சர்வே 2018இல் வெளியிட்ட மதிப்பீட்டின்படி உலகத்தில் 100 கோடிக்கு மேல் துப்பாக்கிகள், அதில் சுமார் 85 கோடி தனி ஆட்கள் கையில், ராணுவங்களிடம் 13 கோடிதான்.

தங்கச்சியின் வழி: ஒப்பந்தத்தில் சேர்வது

ஒப்பந்தத்தின் பலத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். ஏற்றுமதி செய்கிற நாடு, தன் ஆயுதம் இனப்படுகொலைக்கோ போர்க்குற்றத்துக்கோ பயன்படும் என்று தெரிந்தால் கொடுக்கவே கூடாது என்கிறது 6ஆம் பிரிவு. அந்த அளவு தெரியாவிட்டாலும் ஆபத்தை எடை போட்டுப் பார்த்து, மிஞ்சினால் நிறுத்த வேண்டும் என்கிறது 7ஆம் பிரிவு. சிறு ஆயுதங்களையும் சேர்த்து, சட்டப்படி நாடுகளைக் கட்டுப்படுத்துகிற உலகளாவிய ஆயுத வணிக விதி இதற்கு முன் இப்படி வந்ததில்லை. தங்கச்சி சொல்வதில் நியாயம் இருக்கிறது: ஒரு விதி இருந்தால்தான் மீறினான் என்று சொல்லவாவது முடியும்.

ஆனால் அந்த ஒப்பந்தத்தை வரிவரியாகப் படித்தால் எந்த ஓட்டை யாருக்காகப் போட்டது என்று விரல் வைத்துக் காட்டலாம். தோட்டாவைச் சேர்க்க அமெரிக்கா இழுத்துப் பிடித்ததால் அது 3ஆம் பிரிவில் அரைகுறையாக உட்கார்ந்திருக்கிறது, ஏற்றுமதி செய்யும்போது மட்டும் பார்த்தால் போதும், அப்புறம் அது எங்கே கசிகிறது என்று பார்க்கும் 11ஆம் பிரிவு அதைத் தொடாது. அன்பளிப்பாகக் கொடுக்கும் ஆயுதம் இதில் வராது என்று சீனா வாதாடியது, 'அன்பளிப்பு' என்று ஒப்பந்தத்தில் எங்குமே எழுதவில்லை. அரசு அல்லாத குழுக்களுக்குக் கொடுக்கக்கூடாது என்று நேரடியாக ஒரு வரியும் கிடையாது. பாதுகாப்பு ஒத்துழைப்பு ஒப்பந்தங்களை இதைக் காட்டி ரத்து செய்ய முடியாது என்று 26ஆம் பிரிவு சொல்கிறது.

2013 ஏப்ரல் 2 அன்று 154 நாடுகள் ஆதரித்தன, ஈரான், வட கொரியா, சிரியா எதிர்த்தன, 23 நாடுகள் எந்தப் பக்கமும் கை தூக்கவில்லை. அந்த 23இல் ரஷ்யா, சீனா, இந்தியா, இலங்கை எல்லாம் இருக்கின்றன. இந்தியா அன்று சொன்ன காரணம் இரண்டு. பயங்கரவாதிகள், அரசு அல்லாத குழுக்கள் விஷயத்தில் ஒப்பந்தம் வலுவாக இல்லை என்பது ஒன்று. ஏற்றுமதி செய்யும் நாடுகள் இதை ஆயுதமாக்கி, வாங்கும் நாட்டின் கழுத்தைப் பிடிக்கலாம் என்பது இன்னொன்று. முதல் காரணத்தை எண்பதுகளில் நாமே செய்ததை வைத்துப் பார்த்தால் எனக்குக் கொஞ்சம் சிரிப்பு வருகிறது, ஆனாலும் அந்தக் காரணம் பொய்யில்லை.

அதற்குப் பிறகு நடந்தது இன்னும் சுவாரஸ்யம். 2013 செப்டம்பரில் கையெழுத்துப் போட்ட அமெரிக்கா கடைசி வரை செனட்டில் அதை நிறைவேற்றவில்லை, 2019 ஏப்ரலில் ட்ரம்ப் துப்பாக்கிக்காரர்கள் சங்க மாநாட்டு மேடையிலேயே கையெழுத்தை விலக்கிக்கொள்வதாக அறிவித்தார். அடுத்த ஆண்டு ஜூலையில் சீனா சேர்ந்துகொண்டது. சீனாவுக்கு ஒரே வருடத்தில் மனம் மாறி ஞானம் வந்தது என்று நம்புகிறவர்கள் நம்பலாம். எதிராளி காலி செய்த நாற்காலியில் உட்கார்ந்தால் நல்ல பெயர் வருமே என்பதுதான் எனக்குத் தெரிகிற காரணம். ரஷ்யா இன்னும் வெளியேதான். உலகத்தின் மிகப் பெரிய துப்பாக்கி ஏற்றுமதி நாடு அமெரிக்கா, அதுவும் வெளியே.

ஆக இந்த வழியைத் தேர்ந்தால் கிடைப்பது ஒரு பேச்சு மேடை, ஒரு அறிக்கை அனுப்பும் கடமை, கொஞ்சம் வெட்கம். தங்கச்சி இதைப் படித்தால் கோபப்படுவார், தெரியும். வெட்கத்துக்கும் ஒரு மதிப்பு உண்டு என்று நானும் ஒப்புக்கொள்கிறேன், இந்தியா 2017 டிசம்பரில், ஆயுத ஏற்றுமதியைக் கட்டுப்படுத்தும் நாடுகளின் கூட்டான வாசெனார் ஏற்பாட்டில் சேர்ந்தபோது வானம் இடிந்து விழவில்லை, இதிலும் சேரலாம். ஆனால் தங்கச்சிமடத்தில் வெளியே வந்தது தோட்டா, இந்த ஒப்பந்தம் கண்ணை மூடிக்கொள்வதும் தோட்டாவிடம்தான்.

காக்காவின் வழி: நாமே செய்துகொள்வது

இதில் உணர்ச்சி அதிகம், அதனாலேயே ஓட்டு அதிகம் விழும். நடப்பைப் பார்ப்போம். உள்நாட்டிலேயே செய்த இன்சாஸ் துப்பாக்கி போதவில்லை என்று இந்திய ராணுவம் 2019 பிப்ரவரியில் அமெரிக்காவின் சிக் சவர் நிறுவனத்திடம் 72,400 துப்பாக்கிகள் வாங்க ஒப்பந்தம் போட்டது, 2024இல் மேலும் 73,000. இதற்கு நடுவில் 2021 டிசம்பரில் ரஷ்யாவோடு சேர்ந்து 6 லட்சத்துக்கும் மேற்பட்ட ஏ.கே. 203 துப்பாக்கிகளை உத்தரப் பிரதேசத்தில் அமேதி மாவட்டத்துக் கோர்வாவில் செய்ய ஒப்பந்தம். மறு வருடமே உக்ரைன் போர் வந்தது, வேலை இழுத்தது, 2024 வாக்கில்தான் 35,000 துப்பாக்கிகள் ராணுவத்துக்குப் போய்ச் சேர்ந்தன. இப்போது ஒரே ராணுவத்தில் மூன்று வகைத் தோட்டா: மி.மீ. கணக்கில் இன்சாஸுக்கு 5.56, ஏ.கே.வுக்கு 7.62க்கு 39 (விட்டமும் உறையின் நீளமும்), சிக் சவருக்கு 7.62க்கு 51. வல்லரசுகள் இரண்டையும் கோபப்படுத்தாமல் வாங்கினால் கிடங்குக்காரர் படும் பாடு இது.

காக்கா சொல்கிற 'நாமே' இதற்கு மருந்துதான், மறுக்கவில்லை. நமக்குப் பக்கத்திலேயே திருச்சித் துப்பாக்கித் தொழிற்சாலை ஏ.கே. ரகத்திலேயே சொந்தமாக ஒரு துப்பாக்கி செய்து காவல் படைகளுக்குக் கொடுக்கிறது. தமிழ்நாட்டுப் பாதுகாப்புத் தொழில் வழித்தடத்தில் சென்னை, ஓசூர், சேலம், கோவை, திருச்சி இருக்கின்றன. வேலை கிடைக்கும், இந்தப் பக்கத்துப் பாலிடெக்னிக் பையன்களுக்கும் சேர்த்துத்தான். வாங்குகிற நாடு என்ற பலவீனம் குறையும், இந்தியா 2013இல் பயந்த கழுத்துப்பிடியும் தளரும்.

ஆனால் கேள்வி அது இல்லையே. ஒரு புதிய தொழிற்சாலை வந்தால் உலகத்தில் ஒரு விற்பனையாளர் கூடுகிறார். இந்தியாவின் பாதுகாப்பு ஏற்றுமதி 2024-25இல் 23,622 கோடி ரூபாய், 2029க்குள் 50,000 கோடி என்று இலக்கு வைத்திருக்கிறார்கள். இலக்கு வைத்து விற்கும்போது வாங்குபவரின் ஜாதகத்தை எவ்வளவு நேரம் பார்ப்போம்? நேபாளத்தை எடுத்துக்கொள்ளுங்கள். மாவோயிஸ்ட் போரின்போது மன்னரின் ராணுவத்துக்கு இந்தியா இன்சாஸ் கொடுத்துக்கொண்டிருந்தது. 2005 பிப்ரவரியில் மன்னர் ஞானேந்திரா ஆட்சியைக் கையில் எடுத்ததும் இந்தியாவும் பிரிட்டனும் அமெரிக்காவும் ஆயுதத்தை நிறுத்தின. அந்த ஆண்டு முடிவதற்குள் சீனாவிலிருந்து சரக்கு வந்துவிட்டது. இலங்கையிலும் அதே பாட்டு. போரின் கடைசி ஆண்டுகளில் மனித உரிமையைச் சொல்லி அமெரிக்கா கையை இழுத்துக்கொண்டது, சீனாவும் பாகிஸ்தானும் கொடுத்தன. ஒருவர் மறுத்தால் அடுத்தவர் கொடுப்பார் என்பது போட்டியின் அடிப்படை விதி, அது தெரிந்த பிறகு எந்த அதிகாரி மறுக்கத் துணிவார்? நாமும் விற்பனையாளரானால் நம் அதிகாரிக்கும் அதே நடுக்கம்தான்.

காக்காவிடம் நேரிலேயே சொன்னேன், ராணுவத்துக்கு இது தேவை, மனுவுக்கு இது விடையில்லை என்று. "நீங்க துப்பாக்கியப் பாக்குறீங்க தம்பி, நான் கழுத்துல இருக்கற கயித்தப் பாக்குறேன்" என்றார். அந்தப் பக்கமும் இருக்கிறது, விட்டுவிட முடியாது.

அண்ணனின் வழி: குறி, கணக்கு, பூட்டு

இது பார்ப்பதற்கு மிகவும் சாதாரணமான வழி, கவர்ச்சியே கிடையாது. 2001 ஜூலையில் ஐ.நா. சிறு ஆயுதக் கள்ள வியாபாரத்தைத் தடுக்க ஒரு செயல்திட்டம் போட்டது, 2005இல் துப்பாக்கிகளுக்குக் குறியிட்டுத் தடம் பிடிக்கும் ஏற்பாடு வந்தது. அமெரிக்கா, ரஷ்யா, சீனா, இந்தியா எல்லாமே இதில் இருக்கின்றன, காரணம் இது யாரையும் சட்டப்படி கட்டுவதில்லை. கட்டாத விதிக்கு எல்லோரும் சரி என்பார்கள் என்று நீங்கள் சொல்வது கேட்கிறது.

இருந்தும் இந்த வழிக்கு ஏன் சாய்கிறேன் என்றால், தடம் பிடித்த இடங்களில் எல்லாம் உண்மை வெளியே வந்திருக்கிறது. ஐ.எஸ். பயங்கரவாத அமைப்பிடம் கிடைத்த ஆயுதங்களைச் சிரியாவிலும் ஈராக்கிலும் களத்திலேயே போய்ப் பதிவு செய்த கான்ஃப்ளிக்ட் ஆர்மமென்ட் ரிசர்ச் என்ற அமைப்பு 2017 டிசம்பரில் அறிக்கை வெளியிட்டது. பல்கேரியாவில் செய்து அமெரிக்காவுக்கு விற்ற டாங்கி எதிர்ப்பு ஏவுகணை ஒன்று, தொழிற்சாலையை விட்ட இரண்டே மாதத்தில் ஐ.எஸ். கையில் இருந்தது. வாங்கும்போது கொடுத்த சான்றிதழில், வேறு யாருக்கும் கொடுக்க மாட்டோம் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டிருந்தார்கள். இதைக் கண்டுபிடிக்க உதவியது குழாயில் இருந்த எண். தோட்டாவிலும் இந்த வசதி இருக்கிறது. பெரும்பாலான ராணுவத் தோட்டாக்களின் அடியில், செய்த தொழிற்சாலையின் குறியும் ஆண்டும் பதிந்திருக்கும், விரல் நகம் அளவு இடத்தில்.

கிடங்கைப் பூட்டுவது பற்றி அண்ணன் சொல்வதற்கு அல்பேனியாவே போதும். 1997இல் மோசடி நிதி நிறுவனங்கள் கவிழ்ந்து அரசு ஆட்டம் கண்டபோது மக்கள் ராணுவக் கிடங்குகளை உடைத்து 5 லட்சத்துக்கும் மேற்பட்ட ஆயுதங்களை அள்ளிப் போனார்கள். அதில் ஒரு பங்கு பக்கத்துக் கொசோவோ போருக்குப் போனது. எந்த வல்லரசும் விற்கவில்லை, எந்த ஒப்பந்தமும் மீறப்படவில்லை. நமக்கு இன்னும் பக்கத்தில், அதே 1997இல், இலங்கை அரசு ஜிம்பாப்வே அரசு நிறுவனத்திடம் வாங்கிய 32,000க்கும் மேற்பட்ட 81 மி.மீ. மோர்ட்டார் குண்டுகள் தரகர் வழியாகக் கப்பலேறி, கொழும்புக்குப் போகாமல் புலிகளிடம் போய்விட்டன. வாங்கியது அரசு, விற்றது அரசு, காகிதம் எல்லாம் சுத்தம். தங்கச்சியின் ஒப்பந்தம் அன்று இருந்திருந்தாலும் ஏற்றுமதி அனுமதி தாராளமாகக் கிடைத்திருக்கும். நடுக்கடலில் கப்பல் எங்கே போகிறது என்று பார்க்க ஆளில்லாததுதான் குறை.

இந்தக் கரைக்கு இன்றைய ஆபத்து எது என்று கேட்டாலும் இந்தப் பக்கம்தான் கை காட்டுவேன். தனுஷ்கோடியிலிருந்து தலைமன்னார் சுமார் 30 கி.மீ. அந்தப் பக்கம் பாதாள உலகக் கும்பல்கள் ஒருவரையொருவர் சுடுவதற்கு எடுக்கும் டி-56 (அதாவது டைப் 56) துப்பாக்கி, சீனாவிலிருந்து போருக்காக அந்த நாட்டு ராணுவத்துக்கு வந்த அதே ரகம். இந்தப் பக்கம் கடல் அட்டை, கஞ்சா, பீடி இலை, மஞ்சள் என்று போகிறது, தங்கம் வருகிறது, பாதை தயாராக இருக்கிறது. 2021 மார்ச்சில் கேரளத்து விழிஞ்ஞம் பக்கம் கடலோரக் காவல்படை மடக்கிய ஓர் இலங்கைப் படகில் 300 கிலோ ஹெராயினோடு ஐந்து ஏ.கே. 47 துப்பாக்கிகளும் 1,000 தோட்டாக்களும் இருந்தன. இப்படி ஒவ்வொரு தடவை நடக்கும்போதும் சோதனை ஏறுவது யார் படகில்? மீன்துறை டோக்கன் வாங்கிக்கொண்டு போகிற படகில். மும்பைத் தாக்குதலுக்குப் பிறகு அடையாள அட்டை, ரோந்து, ஒத்திகை என்று எல்லாச் சுமையும் மீனவர் தலையில் ஏறியது, துப்பாக்கியைச் செய்தவனுக்கும் கொடுத்தவனுக்கும் ஒரு படிவம்கூட நிரப்ப வேண்டியிருக்கவில்லை. பாம்பன் அண்ணனின் கோபம் இதுதான்: என் படகுக்கு நம்பர் இருக்கு, நிறம் இருக்கு, அட்டை இருக்கு, அந்தத் தோட்டாவுக்கு எதுவுமே இல்லையா?

சரி, இந்த வழியில் ஓட்டை இல்லையா? பெரியதாகவே இரண்டு இருக்கின்றன. ஒன்று, ரகசியமாகக் கொடுக்கிற வல்லரசு குறியே இல்லாத, அல்லது அடுத்த நாட்டுக் குறி போட்ட சரக்கைத் தேடித்தான் வாங்கும், ஆப்கானிஸ்தானில் நடந்த மாதிரி. தடம் பிடித்தால் போய் நிற்பது தவறான வாசலில். இரண்டாவது, காலம். 2005 ஏற்பாட்டின்படி உற்பத்திப் பதிவுகளை 30 ஆண்டு வைத்திருக்க வேண்டும், மற்ற பதிவுகளை 20 ஆண்டு. 2013 ஒப்பந்தத்தில் அது வெறும் 10 ஆண்டு. எண்பதுகளில் புதைத்தது 2018இல் வெளியே வந்த ஊர்க்காரர்கள் நாம், யாருக்கு விற்றோம் என்ற பதிவை அதற்குள் அவர்கள் சட்டப்படியே கிழித்துப் போட்டிருக்கலாம். அதோடு 2005 ஏற்பாடு தோட்டாவைச் சேர்க்கவே இல்லை. 2023இல்தான் தோட்டா, வெடிபொருள் எல்லாவற்றையும் செய்வது முதல் அழிப்பது வரை பார்த்துக்கொள்ள ஐ.நா. ஒரு பொதுச் சட்டகம் கொண்டுவந்தது, அதுவும் விருப்பப்பட்டால் பின்பற்றலாம் என்ற ரகம்.

என் ஓட்டு

அண்ணனின் வழிக்கு, தோட்டாவை முதலில் வைத்து. துப்பாக்கியைக் கொடுத்தவர் கைவிட்ட பிறகும் அதைப் பிடித்து நிறுத்தக்கூடிய ஒரே கயிறு தோட்டாதான், அதைப் பற்றி ஒழுங்காகப் பேச இடம் கொடுப்பது இந்த வழி மட்டும். இன்னொரு நடைமுறைக் காரணமும் உண்டு. வாஷிங்டனும் பெய்ஜிங்கும் மாஸ்கோவும் என்ன செய்தாலும் இந்தியா இதைத் தனியாகவே தொடங்கலாம். திருச்சியிலும் கோர்வாவிலும் செய்கிற துப்பாக்கிக்கும், நம் தொழிற்சாலைகள் செய்கிற தோட்டாவின் ஒவ்வொரு தொகுதிக்கும் வாங்கியவர் யார் என்ற பதிவை அழிக்காமல் வைப்போம் என்று ஒரு அரசாணை போட யாருடைய சம்மதமும் வேண்டாம். காக்காவின் தொழிற்சாலை இதற்குத் தடையில்லை, பார்க்கப்போனால் நாமே செய்தால்தான் நாமே குறி போட முடியும். தங்கச்சியின் ஒப்பந்தத்தை மனுவின் கடைசி வரியில் வைக்கலாம், தோட்டாவையும் அன்பளிப்பையும் முழுமையாகச் சேர்க்கத் திருத்தம் கேட்டுக்கொண்டே இந்தியா சேரட்டும் என்று.

மனு வரைவில் இப்போது இருக்கும் வரி இது: "இந்தியாவில் உற்பத்தியாகும், இந்தியா வாங்கும், இந்தியா விற்கும் அல்லது எவருக்கும் இலவசமாக வழங்கும் அனைத்துச் சிறு ஆயுதங்களுக்கும் தோட்டாக்களுக்கும் குறியீடும் பதிவும் கட்டாயமாக்கப்பட வேண்டும்; அப்பதிவுகள் காலவரம்பின்றிப் பாதுகாக்கப்பட வேண்டும்." இதில் 'இலவசமாக வழங்கும்' என்ற இரண்டு சொற்களை எடுத்துவிடச் சொல்கிறார் காக்கா, அரசு ரகசியமாகச் செய்வதை எந்த அரசும் பதிவேட்டில் எழுதாது, அந்தச் சொல்லைப் பார்த்ததுமே மனுவை ஓரமாக வைத்துவிடுவார்கள் என்கிறார். நடக்காது என்பதில் எனக்கும் சந்தேகமில்லை. ஆனால் எண்பதுகளில் இந்தக் கரைக்கு வந்தது விலைக்கு வந்த சரக்கில்லை, அதனால் அந்தச் சொற்கள் இருக்கட்டும் என்று நானும் அண்ணனும் நிற்கிறோம். தங்கச்சி இன்னும் எந்தப் பக்கமும் சொல்லவில்லை, அடுத்த கூட்டத்தில் கை தூக்கச் சொல்வோம்.